முகூர்த்தக்கால் நட்ட வீட்டு எமன்

மகனுக்கு,

எங்கள் உடம்புக்கு ஒன்றுமில்லை. சர்க்கார் அளந்து கொடுக்கிற கன்ட்ரோல் நூல் வந்தால் தறி ஓடுகிறது, வராவிட்டால் சும்மா கிடக்கிறது. உன் அம்மா யாரையாவது திட்டிக்கொண்டு சௌக்கியமாக இருக்கிறாள். இதையெல்லாம் நீ கேட்கவில்லை, நானாகச் சொல்கிறேன். நீ கேட்டது வேறு. சூரமங்கலத்திலிருந்து நீ போட்ட கடிதம் நேற்று மத்தியானம் வந்தது. பாவுக்குக் கஞ்சி போட்டுக்கொண்டிருந்தவன் கையைக்கூடக் கழுவாமல் பிரித்துப் படித்தேன். முகூர்த்தக்கால் நட்ட பிறகு நான் எமன் வேஷம் கட்டிக்கொண்டு ஒரு சாவு வீட்டுக்குப் போனது பெண் வீட்டாருக்குத் தெரிந்துவிட்டதாம். உன் மாமனார் ஆகப்போகிறவர் ஆத்தூரில் கொதிக்கிறாராம். நான் கோயிலில் கற்பூரம் கொளுத்தி, இனிமேல் அந்த வேஷம் கட்டுவதில்லை என்று சத்தியம் செய்து, கிரீடத்தை ஆற்றில் விட்டுவிட வேண்டுமாம். முடியாதென்றால் கல்யாணத்துக்கு வரவேண்டாமாம். ரயில்வே ஆபீஸ் கையெழுத்தில் முத்து முத்தாக எழுதியிருக்கிறாய். மேலே ‘அன்புள்ள அப்பாவுக்கு’ என்று வேறு.

முதலில் ஒன்றைத் திருத்திக்கொள். அது சாவு வீடு இல்லை. நான் போனபோது அங்கே உயிர் இருந்தது. இரண்டாவது, மணிமுத்தாற்றில் இப்போது தண்ணீர் எங்கே இருக்கிறது? கிரீடத்தைப் போட்டால் மணலில் குத்திக்கொண்டு நிற்கும், ஆடு மேய்க்கிறவன் எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு போவான். சத்தியம் செய்யச் சொல்கிறவருக்கு ஆற்றைப் பற்றியும் தெரியவில்லை, எமனைப் பற்றியும் தெரியவில்லை. தெரியாதவருக்குச் சொல்லி என்ன பயன்? உனக்குத் தெரியும், நீயே மறந்துவிட்டாய், அதனால்தான் உனக்கு எழுதுகிறேன்.

ஊரார் நினைப்பதுபோல எமன் மீசையை முறுக்கிக்கொண்டு எருமைமேல் உட்கார்ந்திருக்கிறவன் இல்லை. அப்படி ஆடுகிற எமன்களும் உண்டு, மேளத்துக்கு நாலு குதி குதித்துவிட்டுப் போவார்கள். எங்கள் கூத்தில் நாங்கள் ஆடிய எமன் வேலைக்குப் போகிறவன். வெயிலில் நடந்து நடந்து குதிகால் வெடித்தவன். ஒரே தெருவில் இரண்டு பழனியப்பன் இருப்பார்கள், எந்தப் பழனியப்பன் என்று மேலிருந்து சொல்ல மாட்டார்கள். நாய் துரத்தும். நேரத்துக்குப் போய்ச் சேர வேண்டிய அன்றைக்குப் பார்த்து எருமை குட்டையில் படுத்துக்கொண்டு எழுந்திருக்காது. வீட்டுக்குப் போனால் பெண்டாட்டி, “ஊருல ஒருத்தராச்சும் உன்னைய வாங்கன்னு சொல்றாங்களா? இதெல்லாம் ஒரு பொழப்பா?” என்பாள். நான் எமனாக நின்று புலம்ப, என் கூத்துக் கூட்டாளி செங்கோடன் தூதனாக நின்று என் காலைப் பிடித்துவிட, ராசிபுரம் பக்கம் சனம் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொள்ளும். அப்படிச் சிரித்தவர்கள் வீட்டில் அந்த வருஷமே யாராவது போயிருப்பார்கள். அதற்காகத்தான் அந்தச் சிரிப்பு. அது உன் ஆபீஸ் நண்பர்களுக்குப் புரியாவிட்டால் போகட்டும், உனக்குமா புரியாது?

செங்கோடன் மலாய்க்காட்டுக்கு ரப்பர் பால் இறக்கப் போனதும், சண்டையில் ஜப்பான்காரன் அவனைப் பிடித்துச் சயாமில் ரயில் பாதை போடக் கொண்டுபோனதும் உனக்குத் தெரியும். எலும்பும் தோலுமாகப் போன வருஷம் திரும்பி வந்தான். அங்கே ஜப்பான் பட்டாளத்துச் சமையல்காரன் ஒருவன், பாதி மலாயும் மீதி கையாட்டலுமாக, அவர்கள் ஊர்ச் சாவுச்சாமிகளைப் பற்றி இவனுக்குச் சொல்வானாம். அங்கேயும் எமன் உண்டாம், பெயர்கூட எம்மா என்பதுபோல வருமாம். ஆனால் அவன் தனியாள் இல்லை, கோர்ட்டு மாதிரி பெரிய கச்சேரியே வைத்திருக்கிறானாம். நெருப்பு வண்டி இழுக்கிறதற்கு ஓர் ஆள். நோயாளி பக்கத்தில் போய்ச் சும்மா நிற்கிறதற்கு ஓர் ஆள். ஆற்றங்கரையில் ஒரு கிழவி உட்கார்ந்து, வருகிற பிணத்தின் துணியையெல்லாம் உருவுவாளாம். கூட இருக்கிற கிழவன் அதை மரக்கிளையில் போட்டு, கிளை எவ்வளவு வளைகிறதென்று பார்த்துப் பாவத்தை நிறுப்பானாம். எனக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது. “பாத்தியாடா, செத்த பொறகும் நம்ம துணிக்குத்தான் மதிப்பு” என்று நான் சொல்ல, செங்கோடன் வந்ததிலிருந்து முதல்தடவையாகச் சிரித்தான். தினம் பொழுது விடிந்தால் துணி உருவப் போகிற கிழவிக்கும் இடுப்பு வலிக்கும்தானே? அதை நாங்கள் கூத்தில் சேர்த்துவிட்டோம். செங்கோடன்தான் கிழவி.

ஆனால் அந்தக் கதையின் கடைசியை நாங்கள் கூத்தில் சேர்க்கவில்லை. அந்தச் சமையல்காரனும் காட்டில் வாந்திபேதி கண்டுதான் போனான். நம் ஊர்ச் சனமும் கும்பல் கும்பலாகப் போனது. “ஏண்டா, நம்மூருல என்னைய வாசல்ல அடிச்சு வெரட்டற மாதிரி ஒருத்தருமா எமனை வெரட்டலே?” என்று கேட்டேன். அவன் என்னைப் பார்த்தபடி, “அந்தக் காட்டுல வாசலே இல்லீங்க மாமா. எங்க நின்னு வெரட்டறது?” என்றான். வாசல் இருக்கிறவர்கள் விரட்டாமல் இருப்பது எத்தனை பெரிய பாவம் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது.

இந்த விரட்டுகிற வழக்கம் எப்படி வந்ததென்று உனக்கு யாரும் ஒழுங்காகச் சொல்லியிருக்க மாட்டார்கள். நீ பிறப்பதற்கு முந்தி, புதுச்சத்திரம் தாண்டி ஒரு காட்டூரில் ஆடினோம். விடிந்து கூத்து முடிந்தது. எமன் வேஷக்காரன் ஆடின இடத்திலேயே அரிதாரத்தைக் கழுவிவிட்டுத்தான் நகர வேண்டும், வேஷத்தோடு எந்த வீட்டையும் தாண்டக்கூடாது. அது எங்கள் கட்டுப்பாடு. ஆனால் அந்த வருஷம் வாந்திபேதி ஓடிக்கொண்டிருந்தது. எமன் மூஞ்சி கழுவின தண்ணீர் எங்கள் கிணற்றுப் பக்கம் விழக்கூடாது என்று ஊரார் மறித்துவிட்டார்கள். அவர்கள் பயம் அவர்களுக்கு. சரி, அடுத்த கிணற்றுக்குப் போகலாமென்று கிரீடமும் புஜக்கட்டையும் பாசக்கயிறுமாக வெயிலேறும் நேரத்தில் தனியாக நடந்தேன். வழியில் ஒரு வீடு. உள்ளே ஒரு ஆள் பேதியாகிக் கிடக்கிறான், அவன் பெண்டாட்டி வெளியே வருகிறாள், எதிரே நான்.

நான் வேஷக்காரன் என்று சொல்ல வாய் திறப்பதற்குள் உலக்கையை எடுத்துவிட்டாள். “வந்துட்டயா? இங்க ஒன்னும் இல்ல! போடா அக்கட்டால!” என்று கத்திக்கொண்டு முதுகில் ஒரு போடு போட்டாள். அம்மாடி! எனக்குப் பொறி கலங்கிப்போயிற்று. அந்த நிமிஷத்தில் நான் வேஷக்காரனுங்க என்று சொல்லியிருந்தால் அவள் உட்கார்ந்து அழுதிருப்பாள். ஏனோ எனக்கு அது மனசு வரவில்லை. கையெடுத்துக் கும்பிட்டு, “தப்பான ஊட்டுக்கு வந்துட்டேனுங்க தாயி, போறேனுங்க” என்று எமன் குரலிலேயே சொல்லிவிட்டு, விழுந்தடித்து ஓடினேன். ஓடிப்போய் வேலி மறைவில் நின்று பார்த்தேன். அவள் உலக்கையைக் கீழே போட்டாள். இடுப்பில் சேலையைச் செருகினாள். உள்ளே போனாள். கொஞ்ச நேரத்தில் கூரைமேல் அடுப்புப் புகை வந்தது. அதுவரை அந்த வீட்டில் யாரும் அடுப்பு மூட்டவில்லை. பேதிக்காரனுக்குத் தண்ணீர் கொடுத்தால் இன்னும் போகுமென்று வாயைக் கட்டிப் போட்டிருந்தார்கள், தொடுவதற்கும் ஆளில்லை. எமனையே அடித்துவிட்டவளுக்கு அப்புறம் என்ன பயம்? கஞ்சி காய்ச்சி உப்புப் போட்டுப் புகட்டியிருக்கிறாள், வாரி எடுத்துக் கழுவியிருக்கிறாள். அவன் பிழைத்துக்கொண்டான்.

அதிலிருந்துதான் எமனாக வந்து அடி வாங்கிப் போகச் சொல்லி ஆள் மேல் ஆள் வர ஆரம்பித்தது. நானும் ஒழுங்கு வைத்துக்கொண்டேன். பகலில்தான் போவேன். அந்த வீட்டில் பச்சைத் தண்ணீர் வாங்கிக் குடிக்க மாட்டேன். அடிக்கிறவர்கள் அந்த வீட்டு ஆளாக இருக்க வேண்டும், கூலிக்கு ஆள் வைத்து அடிக்கக்கூடாது. அடித்த கையோடு அடுப்பு மூட்டிக் கஞ்சி வைக்க வேண்டும், நோயாளியை மடியில் எடுத்துப் போட்டுக்கொள்ள வேண்டும். திரும்பிப் பார்க்காமல் வந்துவிடுவேன். எல்லாரும் பிழைத்தார்களா என்று கேட்பாய். இல்லை. பிழைத்தவர்களும் உண்டு, போனவர்களும் உண்டு. நான் வைத்தியன் என்று எந்த நாளும் யாரிடமும் சொன்னதில்லை. ஊசி போடுகிற டாக்டர் வந்தால் அவர் காலில் விழுந்து கூட்டிக்கொண்டு போங்கள் என்று நானே சொல்லியிருக்கிறேன்.

இனிமேல் சொல்லப்போவது உனக்குத் தெரியாதது. உனக்கு எட்டு வயசிருக்கும்போது அந்த வாந்திபேதி உனக்கே வந்தது. சொந்தக்காரர்கள் பொட்டியைக் கட்டிக்கொண்டு காட்டுக் கொட்டாய்க்குப் போய்விட்டார்கள். நீ கண் செருகிக் கிடந்தாய். நான் தறிக்குழியில் காலைத் தொங்கப் போட்டுக்கொண்டு மலங்க மலங்க விழித்துக்கொண்டு இருந்தேன். ஊருக்கெல்லாம் எமனாகப் போகிறவன், என் வீட்டில் எமன் வந்தபோது கை கால் ஓடவில்லை. உன் அம்மா வந்து நின்றாள். “போயி வேசம் கட்டிக்கிட்டு வாங்க” என்றாள். “பைத்தியமா புடிச்சிருக்குது உனக்கு? வேசத்துக்குள்ள இருக்கறது நான்னு உனக்குத் தெரியுமே” என்றேன். “அதெல்லாம் எனக்குத் தெரியாது. நீங்க கட்டிக்கிட்டு வாங்க” என்றாள். கட்டிக்கொண்டு வந்தேன். நம் வாசலில் நின்று, உன் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். மகனே, சொந்தப் பிள்ளை பெயரை எமன் குரலில் கூப்பிட்டுப் பார், அப்போது தெரியும். அவள் வந்தாள். முகத்தில் என்னைத் தெரிந்த அடையாளமே இல்லை. பாவு சுற்றுகிற கட்டையால் இறக்கினாள். என் இடது தோள்பட்டை எலும்பு மளுக்கென்றது எனக்கே கேட்டது. எனக்கு வலிக்கிறது, உள்ளே சந்தோஷம் பொங்குகிறது. இந்த அடி அடிக்கிறவள் பிள்ளையை விடமாட்டாள் என்று. நீ பிழைத்தாய். என் கை வண்டியிலிருந்து விழுந்து ஒடிந்ததென்று உனக்குச் சொல்லி வைத்திருந்தோம். அந்தக் கை இன்றைக்கும் தலைக்குமேல் தூக்க வராது. நாலு பேர் எதிரில் அப்பா விளக்குமாற்றடி வாங்குகிறார் என்று உனக்கு வெட்கம். அந்த வெட்கத்தைச் சுமந்துகொண்டு திரிகிற உடம்பு எப்படி மிஞ்சியது என்று தெரிந்துகொள்.

இப்போது கால் நட்ட கதைக்கு வருகிறேன். காலையில் முகூர்த்தக்கால் நட்டோம், மாவிலை கட்டினோம், பந்தல் போட ஆள் வந்திருந்தான். கால் நட்ட வீட்டுக்காரன் கல்யாணம் முடிகிறவரை கெட்டதற்குப் போகக்கூடாது, எனக்குத் தெரியாதா? வேஷப் பெட்டியைச் சாக்குப் போட்டு மூடி நானே மேலே ஏற்றி வைத்தேன். வெயில் உச்சிக்கு வருகிற நேரம், ஆட்டையாம்பட்டிப் பக்கத்திலிருந்து ஒரு பொம்பளை நடந்தே வந்தாள். புருஷன் இல்லாதவள், ஒரே மகள், அது பேதியாகிக் கிடக்கிறது. வேலிப்படலுக்கு வெளியிலேயே நின்றுவிட்டாள். முகூர்த்தக்காலைப் பார்த்தாள், மாவிலையைப் பார்த்தாள். “தெரியாம வந்துட்டேனுங்க. நல்ல காரியம் நடக்குதுங்களா? நல்லா இருக்கட்டுமுங்க சாமி” என்று கும்பிட்டுவிட்டுத் திரும்பி நடக்க ஆரம்பித்தாள். ஒரு வார்த்தை கெஞ்சவில்லை. உன் கல்யாணத்தை வாழ்த்திவிட்டுப் போகிறாள், தன் மகள் சாவதைப் பார்க்க.

நான் மரம் மாதிரி நின்றேன். பொய் சொல்ல மாட்டேன், உன் நினைப்பும் வந்தது, ஆத்தூர்க்காரர் நினைப்பும் வந்தது. உள்ளேயிருந்து உன் அம்மா, “என்னத்த பாத்துக்கிட்டு நிக்கறீங்க? பொட்டிய எறக்குங்க” என்றாள். “கால் நட்டிருக்குதே?” என்றேன். “நம்ம புள்ளைக்கு வந்தப்ப எவன் ஊட்டுல என்ன நட்டிருந்துச்சுன்னு நீங்க கேட்டீங்களா?” என்றாள். உன் ரயில்வே ஆபீஸில் இதற்கு யாராவது பதில் வைத்திருந்தால் எழுதி அனுப்பு.

போனேன். அங்கே போனால் அந்தப் பொம்பளை தப்பாகச் செய்கிறாள். அடிக்க வேண்டியவள் என் காலில் விழுந்துவிட்டாள். “எம் புள்ளைய உட்டுட்டு என்னையக் கூட்டிக்கிட்டுப் போ சாமி” என்று அழுகிறாள். எமனிடம் அழுதால் என்ன செய்வான்? அவன் உத்தியோகத்தில் அழுகை கேட்காத நாளா உண்டு? எனக்குக் கோபம் வந்துவிட்டது. “ஏம்மா, இப்பிடி ஒரு ஊட்டுக்கு நான் வந்ததே இல்ல. வாசல்ல ஒரு நாய்கூட இல்ல. வெளக்கமாறு இல்ல. வந்தவனுக்குப் பாய் விரிச்சு எடுத்துக்கன்னு குடுக்கற ஊடு இதுதான். சரி, எனக்கென்ன, இன்னிக்குச் சீக்கிரம் வேலை முடிஞ்சுது” என்று சொல்லி, வாசற்படியில் காலை வைத்தேன். நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் நிஜமான எமனே ஒரு அடி பின்னால் வைப்பான். அம்மிக்குழவி கையில் இருந்தது. நான் பிழைத்தது என் புண்ணியம். கூடவே உள்ளேயிருந்து, பாயில் கிடந்த பெண் கிணற்றுக்குள்ளிருந்து வருகிற மாதிரி ஒரு குரலில், “போடா எருமே” என்றது. அம்மாக்காரி அழுதுகொண்டே சிரித்தாள். நானும் ஓட்டமாக ஓடினேன்.

அந்தப் பெண் மறுநாள் செத்துப்போயிற்று. அதுதானே உன் மாமனாருக்குக் கிடைத்த சேதி? எமன் வேஷம் கட்டிக்கொண்டு போனான், மறுநாள் பிணம் விழுந்தது, அந்தக் காலோடு கல்யாணப் பந்தலுக்கு வரப்போகிறான் என்று. ஆமாம், செத்துத்தான் போயிற்று. நான் ஒரு நாள் பூராவும் தறியில் உட்காரவில்லை. ஆனால் எப்படிச் செத்ததென்று விசாரித்தாரா? நாக்கு வறண்டு, கதவைச் சாத்தி, தனியாகக் கிடந்து சாகவில்லை. தொண்டையில் கஞ்சி ஈரத்தோடு, அம்மா மடியில், அம்மா கை தலையைத் தடவிக்கொண்டிருக்கும்போது போயிற்று. எமனை எருமே என்று திட்டிவிட்டுப் போயிற்று. அந்தத் தாய் காரியம் முடிந்த பிறகு செங்கோடனிடம் சொல்லி அனுப்பியிருக்கிறாள்: “சும்மா குடுக்கலீன்னு அவருகிட்டச் சொல்லுங்க.”

எமன் ஜெயிப்பான். எனக்குத் தெரியாதா? அவன் வேஷத்தை இத்தனை வருஷம் சுமந்தவனுக்கு அது தெரியாதா? கடைசியில் எல்லா வீட்டிலும் அவன்தான் ஜெயிப்பான். உன் மாமனார் வீட்டிலும்தான், எத்தனை கற்பூரம் கொளுத்தினாலும். ஜெயிக்கட்டும். ஆனால் ஏதோ தன் மாமியார் வீட்டுக்கு வருகிற மாதிரி வந்து, கேட்பாரில்லாமல் எடுத்துக்கொண்டு போக விடக்கூடாது. அடி வாங்கிக்கொண்டு போகட்டும். அந்த அடியை அவனுக்குப் பதிலாக என் முதுகு வாங்குகிறது. இதில் எனக்குக் குறைச்சல் ஒன்றும் இல்லை. சத்தியம் செய்ய மாட்டேன். கிரீடத்தை விட மாட்டேன். உனக்குக் குழந்தை பிறந்து நல்லபடியாக இருக்கும்போதும் எவளாவது ஒருத்தி படலுக்கு வெளியே வந்து நின்றால் போவேன்.

உன் மாமனாரிடம் எனக்குப் பகை இல்லை. அவருக்கும் ஒரே மகள், பயப்படுகிறார். பயந்தவர் மேல் எனக்கு எப்போதும் கோபம் நிற்பதில்லை. உன்மேல்தான் கோபம். உனக்கும் சேர்த்து ஒரு புத்தி சொல்கிறேன், கேட்டால் கேள். பெண்டாட்டி வீட்டாருக்கு மரியாதை கொடு, அவர்கள் பயத்தை மட்டும் வாங்கி வீட்டில் வைத்துக்கொள்ளாதே. உடம்புக்கு வந்தவர்களைத் தொடு. தண்ணீர் கேட்டால் கொடு. அவ்வளவுதான் என்னிடம் இருக்கிற புத்தி.

கல்யாணத்துக்கு வருகிறேன். உன் அம்மா எனக்கு வேட்டி துவைத்து மடித்து வைத்துவிட்டாள். முந்தின நாள் சாயங்காலம் பெட்ரோலுக்குப் பதில் கரியில் ஓடுகிற பஸ்ஸில் வந்து ஆத்தூரில் இறங்கி, பெண் வீட்டு வாசலுக்கு வேஷமில்லாமல் என் சொந்த மூஞ்சியோடு வருவேன். யார் என்று கேட்டால், மாப்பிள்ளைக்கு அப்பன், எமன் வேஷக்காரன் என்று சத்தமாகவே சொல்வேன். நான் உள்ளே வரக்கூடாதென்று உனக்குத் தோன்றினால் அதைக் காகிதத்தில் எழுதாதே. எமனானாலும் அப்பனானாலும் காகிதத்தில் விரட்ட முடியாது. நீயே வாசலில் வந்து நில். கையில் கிடைத்ததை எடு. என் முகத்தைப் பார்த்து அடி. உன் அம்மா அடித்த மாதிரி மனசார அடித்தாயானால், தப்பான வீட்டுக்கு வந்துவிட்டேன் என்று கும்பிட்டுவிட்டுத் திரும்பிப் போகிறேன். கை எழவில்லை என்றால், வழியை விட்டு நகர்ந்து, வாங்க என்று சொல்.

உன் அப்பா